ஆபாசத் தளங்களும் இன முத்திரைகளும் உடல் கவலைகளும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

இணைய ஊடகம் பற்றிக் கல்லூரிகளிலும் பெற்றோர் கூட்டங்களிலும் பேசுவேன். பேசி முடித்ததும், பெயர் போடாமல் சீட்டில் கேள்வி எழுதித் தரச் சொல்வது வழக்கம். கையைத் தூக்கிக் கேட்க முடியாததெல்லாம் சீட்டில் வரும். அதில் ஆபாசப் படங்கள் பற்றித் திரும்பத் திரும்ப வரும் சந்தேகங்களை இங்கே தொகுத்திருக்கிறேன். கேட்டவர்களின் நடையை மாற்றவில்லை. சில வார்த்தைகளை மட்டும் நாகரிகம் கருதி எடுத்துவிட்டேன்.

போர்னுக்கும் இனத்துக்கும் என்ன சம்பந்தம்? அது வெறும் செக்ஸ்தானே?

எந்தப் பெரிய தளமானாலும் அதன் வகைப் பட்டியலைப் பார்த்தால் போதும். 'எபனி' (கறுப்பினத்தவர்), 'ஏசியன்', 'லத்தீனா' (லத்தீன் அமெரிக்க வம்சாவளிப் பெண்), 'அரப்', 'இந்தியன்' என்று மனிதர்களின் இனமே அங்கே சரக்கின் பெயராக இருக்கும். வெள்ளைக்காரர்களுக்கு அப்படி ஒரு தனிப் பெட்டி பெரும்பாலும் தேவைப்படுவதில்லை. அவர்கள்தான் 'பொது'. முடியின் நிறம், வேடம், சூழ்நிலை என்று அவர்களுக்குள் ஏகப்பட்ட பிரிவுகள் உண்டு. மற்றவர்களுக்கு முதலில் இனம், அப்புறம்தான் மீதியெல்லாம்.

'இன்டர்ரேசியல்' என்ற வகையைக் கவனியுங்கள். எந்த இரு இனத்தவர் சேர்ந்து நடித்தாலும் அதில் வரவேண்டும். ஆனால் அமெரிக்கத் தொழிலில் அது பெரும்பாலும் கறுப்பின ஆண், வெள்ளையினப் பெண் என்ற ஒரே ஜோடியைத்தான் குறிக்கும். இன்னொரு இனத்தவரை மணப்பதே பல அமெரிக்க மாநிலங்களில் குற்றமாக இருந்தது. 1967இல் லவ்விங் வழக்கில்தான் உச்ச நீதிமன்றம் அந்தச் சட்டங்களைச் செல்லாது என்றது. சட்டம் போய்விட்டது. 'செய்யக் கூடாததைச் செய்கிறார்கள்' என்ற கிளுகிளுப்பை மட்டும் இந்த வகை இன்னும் விற்றுக்கொண்டிருக்கிறது.

அப்போ இந்த முத்திரையெல்லாம் இன்டர்நெட் வந்து உண்டாக்கினதா?

இல்லை, எல்லாமே பழைய சரக்கு. தென்னாப்பிரிக்காவின் கேப் பகுதியைச் சேர்ந்த கோய்கோய் இனப் பெண் சாரா பார்ட்மன். 1810இல் அவரை லண்டனுக்குக் கொண்டுவந்து, பிக்கடிலியில் காசு வசூலித்துக் காட்சிப் பொருளாக நிறுத்தினார்கள். அவருடைய பின்புறத்தைப் பார்க்கத்தான் கூட்டம் வந்தது. பிறகு பாரிஸுக்குக் கொண்டுபோனார்கள். 1815 டிசம்பரில் அவர் இறந்ததும், அன்றைக்குப் பெரிய விஞ்ஞானியாக மதிக்கப்பட்ட ஜார்ஜ் குவியே உடலை அறுத்து ஆராய்ந்து, மூளையையும் பிறப்புறுப்பையும் பாடம் செய்து வைத்தார். 1970கள் வரை அவருடைய உடல் எச்சங்கள் பாரிஸ் அருங்காட்சியகத்தில் காட்சிக்கு இருந்தன. நெல்சன் மண்டேலா அரசு கேட்டு, பல வருட இழுபறிக்குப் பிறகு 2002இல்தான் சொந்த மண்ணில் அடக்கம் செய்தார்கள். கறுப்பினப் பெண் என்றால் அளவு மீறிய உடல், அளவு மீறிய காமம் என்ற கதைக்கு 'அறிவியல்' முலாம் பூசப்பட்டது இப்படித்தான்.

கறுப்பின ஆண்களைப் பற்றிய கதை இன்னும் கொடூரமானது. அடிமை முறை ஒழிந்த பிறகு அமெரிக்கத் தென் மாநிலங்களில் கும்பல் கொலைகளுக்குச் சொல்லப்பட்ட காரணங்களில் முக்கியமானது, 'வெள்ளைக்காரப் பெண்ணின் மேல் கை வைத்தான்' என்பது. ஐடா பி. வெல்ஸ் என்ற கறுப்பினப் பெண் பத்திரிகையாளர் 1892இலேயே வழக்கு வழக்காக எடுத்து, இந்தக் குற்றச்சாட்டு பெரும்பாலும் சாக்கு என்று எழுதினார். அவருடைய பத்திரிகை அலுவலகத்தை ஒரு கும்பல் அடித்து நொறுக்கியது.

இணையம் செய்தது வேறு. இந்தப் பழைய கதைகளை ஒரு சொடுக்கில் கிடைக்கும் பட்டன்களாக்கி, எத்தனை பேர் சொடுக்கினார்கள் என்று எண்ணி, அதே கதையில் இன்னும் அதிகமாக எடுக்கச் சொல்லித் தயாரிப்பாளருக்குத் திருப்பி அனுப்புகிறது. பார்ப்பவனின் ஆசையைத் தளம் காட்டுகிறதா, தளம் காட்டியதைப் பார்ப்பவன் ஆசையாக்கிக்கொள்கிறானா என்று பிரித்தெடுப்பதே கஷ்டமாகிவிட்டது.

ஆசியப் பெண்கள் அடக்கமானவங்க, அன்பானவங்கன்னு காட்டுறாங்க. அது பாராட்டுதானே?

காட்டுவது அன்பை அல்ல, எதிர்ப்பே சொல்லாமல் இணங்குவதை. இதற்கும் நீண்ட வரலாறு உண்டு. 1875இல் அமெரிக்கா கொண்டுவந்த பேஜ் சட்டம், பாலியல் தொழிலுக்காகக் கிழக்காசியாவிலிருந்து கொண்டுவரப்படும் பெண்களைத் தடுப்பதாகச் சொன்னது. நடைமுறையில், சீனாவிலிருந்து வரும் பெண் என்றாலே அந்தத் தொழிலுக்குத்தான் என்று அதிகாரிகள் முடிவு கட்டினார்கள். பின்னர் ஜப்பான், கொரியா, பிலிப்பைன்ஸ், வியட்நாம் என்று அமெரிக்கப் படை போன இடமெல்லாம் முகாமை ஒட்டி மதுக்கூடங்கள் முளைத்தன. படைவீரர்களில் பலர் ஆசியப் பெண்களைப் பார்த்ததே அங்கேதான்.

2021 மார்ச் 16 அன்று அட்லாண்டா பகுதியில் மூன்று மசாஜ் நிலையங்களில் ஒருவன் சுட்டதில் எட்டுப் பேர் இறந்தார்கள். அவர்களில் ஆறு பேர் ஆசிய வம்சாவளிப் பெண்கள். தனக்குக் 'காம அடிமைத்தனம்' இருப்பதாகவும், சபலத்தை அகற்றவே செய்ததாகவும் போலீஸிடம் சொன்னான். இனம் காரணமில்லை என்றும் சொன்னான். வேலைக்குப் போன பெண்களை அவன் 'சபலம்' என்று பார்த்தானே, அந்தப் பார்வையில் இனம் இல்லை என்று எப்படி நம்புவது?

இதே முத்திரையின் மறுபக்கம் ஆசிய ஆண்கள். பெண்ணை இணங்குபவளாகக் காட்டும் அதே படங்களில் அவர்களுக்கு அநேகமாக இடமே இல்லை. ஓகேகியூபிட் என்ற டேட்டிங் தளம் தன் பயனாளர் தரவுகளை 2009இலும் 2014இலும் வெளியிட்டது. மற்ற இனப் பெண்கள் சராசரியாகக் குறைத்து மதிப்பிட்டவர்களில் ஆசிய ஆண்கள் இருந்தார்கள். ஆண்கள் அப்படிக் குறைத்து மதிப்பிட்டது கறுப்பினப் பெண்களை.

கறுப்பின ஆண்களுக்கு அளவு பெருசுன்னு சொல்றாங்களே, அது உண்மையா?

அதிகச் சீட்டுகளில் வருவது இதுதான், அதனால் நேராகவே சொல்கிறேன். படத்தில் நீங்கள் பார்ப்பது ஒரு இனத்தை அல்ல, தேர்வு செய்து எடுக்கப்பட்ட சில நடிகர்களை. கூடைப்பந்து அணியைப் பார்த்துவிட்டு ஒரு நாட்டின் சராசரி உயரத்தைச் சொல்வது போன்றது இது. இரண்டாவது கேள்வியில் சொன்ன அந்தக் 'கொடூரமான கதை'யிலிருந்து வந்த எதிர்பார்ப்புக்கு ஏற்றபடி ஆள் எடுக்கிறார்கள், அப்புறம் அந்தப் படமே கதைக்குச் சாட்சியாகிவிடுகிறது.

நாடுவாரியாக அளவு காட்டும் வரைபடங்கள் வாட்ஸ்அப்பில் சுற்றும். ஆண்கள் தாங்களே சொன்ன அளவையும் மருத்துவர் அளந்ததையும் ஒன்றாகக் கலந்து செய்தவை அவை. தானே அளந்து சொல்லும்போது ஆண்கள் கொஞ்சம் தாராளமாகச் சொல்வார்கள் என்பது யூகிக்கக் கூடியதுதான்.

அப்போ என்னோடது நார்மலா?

மேலே உள்ள கேள்வியைக் கேட்பவர்கள் உண்மையில் கேட்க வருவது இதைத்தான் என்பது என் சந்தேகம். 2015இல் லண்டன் மருத்துவர் டேவிட் வீலும் குழுவும், மருத்துவ ஊழியர்கள் அளந்த 15,521 ஆண்களின் அளவுகளைத் திரட்டி வெளியிட்டார்கள். விறைத்த நிலையில் சராசரி 13.12 செ.மீ., தளர்ந்த நிலையில் 9.16 செ.மீ. மிகப் பெரும்பாலான ஆண்கள் இந்த எண்ணுக்கு அக்கம்பக்கம்தான். இனத்துக்கு இனம் பெரிய வித்தியாசம் என்று சொல்ல அந்தத் தொகுப்பில் ஆதாரம் கிடைக்கவில்லை. அளக்கப்பட்டவர்களில் அதிகம் பேர் வெள்ளையர்கள் என்பதால் அந்தக் கேள்வியைத் தீர்க்க அது போதாது என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.

படத்தில் வேறு மாதிரித் தெரிவதற்குப் பல காரணங்கள். ஆள் தேர்வு ஒன்று. கீழிருந்து நெருக்கமாக வைக்கும் கேமரா, மழித்த உடல், உயரம் குறைந்த சக நடிகர் என்று மற்றவை. பல மணி நேரம் எடுத்ததை வெட்டி ஒட்டி இருபது நிமிடமாக்குவார்கள். விறைப்புக்கு மாத்திரையும் ஊசியும் பயன்படுத்துவதைத் தொழிலில் இருந்தவர்களே பேட்டிகளில் சொல்லியிருக்கிறார்கள்.

நம் ஊரில் இந்தப் பயத்தை அறுவடை செய்ய ஏற்கெனவே ஆட்கள் உண்டு. நள்ளிரவுத் தொலைக்காட்சியில் 'இளைஞர்களே, கவலை வேண்டாம்' என்று வருபவர்கள், மாதம் ஒருமுறை ஊர் ஊராக லாட்ஜில் தங்கி வைத்தியம் பார்ப்பவர்கள். பாலியல் திறனைப் பெருக்குவதாக மருந்து விளம்பரம் செய்வது 1954ஆம் ஆண்டு மருந்துகள் மற்றும் மாயத் தீர்வுகள் சட்டப்படியே குற்றம். முன்பு அவர்கள் 'விந்து வீணாகிறது' என்று பயமுறுத்தினார்கள். இப்போது வரும் பையன்கள் படத்தைப் பார்த்துப் பயந்தபடியே வருவதால் அவர்களுடைய வேலை பாதி முடிந்துவிடுகிறது. நிஜமாகவே பிரச்சினை இருப்பதாகத் தோன்றினால் சிறுநீரகவியல் மருத்துவரைப் பாருங்கள். பெரும்பாலும் ஒரே சந்திப்பில் நிம்மதியாகத் திரும்பலாம்.

பொண்ணுங்களுக்கும் இந்தக் கவலை வருமா?

வரும், ஆனால் அவர்கள் சீட்டில்கூட நேரடியாக எழுதுவதில்லை. 'அங்கே கறுப்பா இருக்கறது நோயா?' என்று வரும். நோய் இல்லை. ஹார்மோன், உராய்வு, வயது, பிரசவம் இவற்றால் அந்தப் பகுதி மற்ற தோலைவிடக் கருமையாக இருப்பது எல்லா நிறத்தவருக்கும் சகஜம். 2012இல் பெண்ணுறுப்பை வெளுக்க வைப்பதாகச் சொல்லும் திரவத்துக்கு இந்தியத் தொலைக்காட்சியில் விளம்பரம் வந்து பெரிய சர்ச்சையானது. சிவப்பழகு கிரீம் முகத்திலிருந்து ஆரம்பித்தது. கடைசியில் எங்கே வந்து நிற்கிறது பாருங்கள்.

வடிவம் பற்றியும் அப்படித்தான். பெண்ணுறுப்பின் உள் இதழ்கள் வெளியே தெரியாத ஒரே ஒரு வடிவத்தைப் படங்களில் பார்த்துவிட்டு, அதுதான் சரி என்று அறுவை சிகிச்சை கேட்டுப் போகிறவர்கள் மேலை நாடுகளில் கூடியிருக்கிறார்கள். 2018இல் சுவிட்சர்லாந்தில் 657 பெண்களை அளந்து ஓர் ஆய்வு வந்தது. சில மில்லிமீட்டரிலிருந்து பத்து சென்டிமீட்டர் வரை அளவுகள் பரவியிருந்தன. 'இயல்பான அளவு' என்று ஒன்றைக் குறிக்க அந்த மருத்துவர்களாலேயே முடியவில்லை.

நடிக்கறவங்க விருப்பப்பட்டுத்தானே நடிக்கிறாங்க? நமக்கென்ன?

விருப்பம் இருக்கலாம், கூலி இனத்தைப் பார்த்துத்தான் வருகிறது. கறுப்பின நடிகைகளை வருடக் கணக்கில் பேட்டி கண்டு ஆராய்ந்த பேராசிரியர் மிரேல் மில்லர்-யங், வெள்ளையின நடிகைகள் வாங்குவதில் பாதியிலிருந்து முக்கால் பங்குதான் அவர்களுக்குக் கிடைக்கிறது என்று பதிவு செய்திருக்கிறார். முதல் கேள்வியில் சொன்ன 'இன்டர்ரேசியல்' ஜோடியில் நடிக்க வெள்ளையின நடிகைகள் கூடுதல் தொகை கேட்பதும் நெடுநாள் வழக்கம். சக ஊழியரின் தோல் நிறத்துக்காக அலவன்ஸ் கேட்பதை வேறெந்த அலுவலகமாவது வெளிப்படையாக அனுமதிக்குமா தெரியவில்லை.

மியா கலிஃபாவின் கதை பலருக்கும் தெரியும். லெபனானில் பிறந்து அமெரிக்காவில் வளர்ந்த அவர் 2014இல் சில மாதங்கள்தான் இந்தத் தொழிலில் இருந்தார். அவர் கிறிஸ்தவக் குடும்பத்தில் பிறந்தவர். ஆனாலும் ஹிஜாப் அணிவித்து ஒரு படம் எடுத்தார்கள். அதுதான் அவரைத் தளத்தின் உச்சிக்குக் கொண்டுபோனது, கொலை மிரட்டலும் கொண்டுவந்தது. மொத்தமாகக் கிடைத்தது சுமார் 12,000 டாலர் என்று 2019இல் சொன்னார். அந்தப் படத்தில் அவர் யார் என்பது யாருக்கும் தேவைப்படவில்லை, துணிதான் தேவைப்பட்டது.

நான் அந்தத் தளங்களுக்கே போறதில்ல. என்னை எப்படி பாதிக்கும்?

ஆய்வாளர் சஃபியா நோபிள் 2010 வாக்கில் தன் வீட்டுப் பிள்ளைகளுக்காக கூகுளில் 'பிளாக் கேர்ள்ஸ்' என்று தேடினார். பக்கத்தின் உச்சியில் வந்தவை ஆபாசத் தளங்கள். 2012 வாக்கில் அந்த முடிவுகள் சரிசெய்யப்பட்டன. ஆனால் 2020இல் தி மார்க்கப் என்ற செய்தி நிறுவனம் விளம்பரதாரர்களுக்கான கூகுள் கருவியில் கறுப்பின, லத்தீன், ஆசியப் பெண்களைக் குறிக்கும் சொற்களைப் போட்டுப் பார்த்தது. கருவி பரிந்துரைத்தவற்றில் பெரும்பகுதி ஆபாசச் சொற்கள். வெள்ளையினப் பெண்களைக் குறிக்கும் சொல்லுக்கு அது எதையுமே பரிந்துரைக்கவில்லை.

அடுத்தது நமக்கு இன்னும் நெருக்கம். செயற்கை நுண்ணறிவுக்குப் பயிற்சி தர இணையத்திலிருந்து அள்ளிய லயான் என்ற பெரும் படத் தொகுப்பை அபேபா பிர்ஹானேயும் இரண்டு சக ஆய்வாளர்களும் 2021இல் சோதித்தார்கள். 'தேசி', 'ஆன்ட்டி' மாதிரி சாதாரணச் சொற்களுக்கே ஆபாசப் படங்கள் வந்து விழுந்தன. பக்கத்து வீட்டு அக்காவை ஆன்ட்டி என்று கூப்பிடும் குழந்தை எந்தத் தளத்துக்கும் போகவில்லை, சொல் போய்வந்துவிட்டது.

நம்ம ஊர்ல இனவெறியெல்லாம் இல்லையே. இது அமெரிக்கப் பிரச்சினைதானே?

'மல்லு' என்று தட்டினால் என்ன வருகிறது என்பது நம் பையன்களுக்குத் தெரியும். 2000ஐ ஒட்டி மலையாளத்தில் குறைந்த செலவில் எடுத்த கவர்ச்சிப் படங்கள் தமிழ்நாட்டுத் தியேட்டர்களின் காலைக் காட்சியில் ஓடின. அந்தப் படங்களின் முத்திரை ஒரு மாநிலத்துப் பெண்கள் அத்தனை பேர் மேலும் ஒட்டிக்கொண்டது. சென்னைக்குப் படிக்க வரும் மலையாளப் பெண்களைக் கேட்டுப் பாருங்கள், எத்தனை 'ஜோக்' கேட்டிருக்கிறார்கள் என்று.

வடகிழக்கு மாநிலப் பெண்களுக்கு நடப்பது மூன்றாவது கேள்வியில் சொன்னதன் இந்தியப் பதிப்பு. ஆப்பிரிக்கர்களுக்கு நடப்பதும் புதிதல்ல. 2014 ஜனவரியில் டெல்லி கிர்க்கி பகுதியில், அன்றைய மாநிலச் சட்ட அமைச்சரே ஆட்களுடன் நள்ளிரவில் போய், அங்கு வசித்த உகாண்டா நாட்டுப் பெண்கள் பாலியல் தொழிலும் போதை வியாபாரமும் செய்கிறார்கள் என்று ரகளை செய்தார். அந்தப் பெண்கள் சிலர் மருத்துவப் பரிசோதனைக்குக் கொண்டுபோகப்பட்டார்கள்.

படம் பார்த்து இப்படி ஆகறாங்களா, இப்படி இருக்கறவங்க அதைப் பார்க்கறாங்களா?

இரண்டும் கலந்திருக்கலாம். ஆய்வுகளில் பெரும்பாலானவை ஒரு சமயத்தில் கேட்டுப் பதிவு செய்தவை. அதிகம் பார்ப்பவர்களிடம் உடல் அதிருப்தி கொஞ்சம் அதிகம் என்று அவை காட்டும். எது முதலில் வந்தது என்று காட்டாது. 'பார்த்தால் மூளை கெட்டுவிடும்' என்று அடித்துச் சொல்பவர்களையும், 'ஒன்றுமே ஆகாது' என்பவர்களையும் நான் ஒரே அளவுக்குத்தான் நம்புகிறேன்.

திரையில் என்ன இருக்கிறது என்பதை எண்ணிச் சொல்லலாம். இரண்டு இலவசத் தளங்களின் 4,009 காட்சிகளை எண்ணிய ஆய்வு 2020இல் வந்தது. ஒரு தளத்தில் 45 சதவீதக் காட்சிகளில் அடிப்பது, கழுத்தை நெரிப்பது போன்ற வன்முறை இருந்தது. மற்றதில் 35 சதவீதம். அடி வாங்கியது அநேகமாக எப்போதும் பெண்கள். அதே குழு இனவாரியாகப் பிரித்துப் பார்த்தபோது, கறுப்பினப் பெண்கள் வன்முறைக்கு அதிகம் ஆளாவதாகவும், கறுப்பின ஆண்கள் அதைச் செய்பவர்களாக அதிகம் காட்டப்படுவதாகவும் தெரிந்தது. ஐடா வெல்ஸ் மறுத்த கதை 130 வருடம் கழித்தும் படமாகிக்கொண்டிருக்கிறது.

தடை பண்ணிட்டா முடிஞ்சுதே?

2015 ஆகஸ்டில் மத்திய அரசு 857 தளங்களை முடக்கி, எதிர்ப்பு வந்ததும் சில நாளில் தளர்த்தியது. 2018இல் உத்தராகண்ட் உயர் நீதிமன்ற உத்தரவுக்குப் பின் 827 தளங்கள் முடக்கப்பட்டன. இந்தக் கேள்வியைச் சீட்டில் எழுதுபவர்கள் பெற்றோர்கள். விபிஎன் (முடக்கிய தளத்தையும் திறக்க உதவும் செயலி) என்றால் என்ன என்று கேட்டு எழுதுபவர்களும் பெற்றோர்களே. பிள்ளைகள் யாரும் அதைக் கேட்டதில்லை.

எனக்கு ஒரு குறிப்பிட்ட இனத்துப் பெண்களைத்தான் பிடிக்குது. நான் இனவெறியனா?

ஒருவரைப் பிடிப்பது குற்றமில்லை. பேசுவதற்கு முன்பே அவர் எப்படி இருப்பார், எதற்கு இணங்குவார் என்று நீங்கள் முடிவு செய்துவிட்டீர்களா என்பதுதான் விஷயம். அவருக்குக் கோபம் வந்தால், படிப்பில் உங்களை மிஞ்சினால், எடை கூடினால் ஏமாற்றமாக இருக்குமா? 'ஆமாம்' என்றால் உங்களுக்குப் பிடித்தது அவரை இல்லை, வகைப் பட்டியலில் இருந்த பெட்டியை.

இன்னொன்று: ஆசை தானாக வருகிறது என்கிறோம், ஆனால் அது வரும் வழியை யாரோ வடிவமைக்கிறார்கள். கிரைண்டர் என்ற டேட்டிங் செயலியில் பணம் கட்டினால் இனம் பார்த்து ஆட்களை வடிகட்டும் வசதி இருந்தது. அமெரிக்காவில் இனவெறிக்கு எதிரான போராட்டம் வெடித்த 2020 ஜூனில் அதை எடுப்பதாக அறிவித்தார்கள். அதுவரை அது 'பயனாளர் விருப்பம்' என்றே விற்கப்பட்டது.

நல்ல முறையில எடுக்கற போர்னும் இருக்குன்னு சொல்றாங்களே?

இருக்கிறது. சான் பிரான்சிஸ்கோவில் ஷைன் லூயிஸ் ஹூஸ்டன் என்ற கறுப்பின இயக்குநர் 2005 முதல் தன் நிறுவனத்தில் பல இன, பல உடலமைப்புக் கலைஞர்களை வைத்து, அவர்கள் ஒப்புக்கொள்வதை மட்டும் எடுத்துவருகிறார். பார்வையாளர் காசு கொடுத்துப் பார்க்க வேண்டும். இலவசத்துக்குப் பழகிய கூட்டம் அங்கே போவது குறைவு. திருடி இலவசத் தளத்தில் ஏற்றினால், அங்கே மறுபடியும் 'எபனி' பெட்டியில்தான் போய் விழும்.

ஏஐ படத்துல நிஜ ஆளே இல்லையே. அப்போ யாருக்கும் நஷ்டமில்லைதானே?

நிஜ ஆள் இல்லாமல் ஏஐ கற்றுக்கொள்ளவே முடியாது. மேலே சொன்ன லயான் மாதிரித் தொகுப்புகளில்தான் அது படித்தது. 2022 டிசம்பரில், முகப் படங்களைக் கொடுத்தால் ஏஐ மூலம் விதவிதமான உருவப் படங்கள் செய்து தரும் லென்சா என்ற செயலி பிரபலமானபோது, ஆசிய வம்சாவளிப் பெண் பத்திரிகையாளர் ஒருவர் தன் முகப் படங்களைக் கொடுத்தார். கேட்காமலேயே மேலாடை இல்லாத படங்கள் பல வந்தன. அவருடன் வேலை செய்யும் வெள்ளையினப் பெண்ணுக்கு அப்படி வந்தது மிகக் குறைவு. உடன் வேலை செய்யும் ஆண்களுக்கு விண்வெளி வீரர் வேடம்.

அப்புறம் டீப்ஃபேக், அதாவது ஒருவரின் முகத்தை ஏஐ மூலம் இன்னொரு உடலில் பொருத்திச் செய்யும் போலிக் காணொளி. 2019இல் டீப்டிரேஸ் நிறுவனம் இணையத்தில் கண்டெடுத்த 14,678 டீப்ஃபேக் காணொளிகளில் 96 சதவீதம் ஆபாசம். அவற்றில் இருந்தவர்களில் கணிசமானோர் தென்கொரியப் பாடகிகள். இப்போது பாடகியாக இருக்க வேண்டிய அவசியமும் இல்லை. இன்ஸ்டாகிராமில் ஒரு படம் போதும். உங்களுக்கோ தெரிந்தவருக்கோ இப்படி நடந்தால், சம்பந்தப்பட்ட தளத்தின் குறைதீர் அதிகாரிக்குப் புகார் அனுப்புங்கள். 2021ஆம் ஆண்டு தகவல் தொழில்நுட்ப விதிகளின்படி, மார்ஃபிங் செய்தது உள்பட இத்தகைய படங்களைப் புகார் வந்த 2 மணி நேரத்துக்குள் (2026 பிப்ரவரித் திருத்தத்துக்கு முன் இது 24 மணி நேரமாக இருந்தது) நீக்க அவர்கள் நடவடிக்கை எடுத்தாக வேண்டும். புகார் அனுப்பும் முன் இணைப்பையும் திரைப்பிடிப்பையும் சேமித்து வையுங்கள், தேசிய சைபர் குற்றப் புகார் தளத்தில் பதியும்போது அவை வேண்டும்.